கோடையில புள்ளிமான் எப்படி தாக்குப் பிடிக்குது, நாம சாப்பாடு தண்ணி வைக்கலாமா?

கேள்வியை முதல்ல சுருக்கமா சொல்லிடறேன், புதுசா படிக்கிறவங்களுக்கும் புரியணும்ல. ஏப்ரல் மாசம் ஊட்டியில இருந்து மைசூர் போறப்போ தெப்பக்காடு தாண்டி ரோட்டோரம் ஒரு புள்ளிமான் கூட்டத்தைப் பாத்திருக்கீங்க. பாதி மானுக்கு விலா எலும்பு தெரியுது, காடு முழுக்க காஞ்சு மொட்டையா நிக்குது, சில இடம் தீ பிடிச்சு கருகிக் கிடக்கு, கார்ல இருந்த பசங்க பிஸ்கட் குடுக்கலாம்னு கேக்க நீங்க வேணாம்னு சொல்லிட்டு வந்துட்டீங்க, ஆனா வீட்டுக்கு வந்தும் மனசு கேக்கல. இதெல்லாம் மழை வரைக்கும் உயிரோட இருக்குமா, நாம சாப்பாடு தண்ணி ஏதாவது வைக்கணுமா, இதான் நீங்க கேட்டது.

பிஸ்கட் குடுக்காம வந்தீங்க பாருங்க, அதுவே பெரிய உதவி, ஏன்னு பின்னாடி வர்றேன். அந்தக் கூட்டத்துல பெரும்பாலான மான் தாக்குப் பிடிச்சுரும், சிலது செத்துரும், அது ஒவ்வொரு வருஷமும் நடக்கறது. கோடைங்கறது மானுக்குப் புதுசா வந்த கஷ்டம் கிடையாது, அதோட உடம்பு, பழக்கம், நடமாட்டம் எல்லாமே இந்த மூணு நாலு மாசத்தைத் தாண்டுறதுக்குன்னே அமைஞ்சிருக்கு. நாம பண்ண வேண்டியது அந்த வழியை அடைக்காம இருக்கறது. இதை விளக்க கொஞ்சம் நீளமா எழுதத்தான் வேணும், பொறுமையா படிங்க.

முதல்ல அந்தக் காட்டைப் பத்தி, அதாவது தெப்பக்காடு இருக்கிற முதுமலைக் காட்டைப் பத்தி தெரிஞ்சுக்கணும். முதுமலை முழுக்க ஒரே மாதிரி மழை கிடையாது. மேற்கால கூடலூர் பக்கம் தென்மேற்குப் பருவமழை நல்லா அடிக்கும், வருஷத்துக்கு 1500 மில்லிமீட்டருக்கு மேல. அப்படியே கிழக்கால மசினகுடி, சீகூர்னு இறங்கினா அதுல பாதி தான், அதுலயும் அக்டோபர் நவம்பர்ல வர்ற வடகிழக்கு மழையோட பங்கு கூடிரும். ஒரு 30, 40 கிலோமீட்டருக்குள்ள இவ்ளோ வித்தியாசம். அதனால மேற்க மூங்கிலும் தேக்கும் ஆளுயர புல்லுமா இருக்கும், கிழக்க முள்ளுக்காடா இருக்கும், ரெண்டு பக்கமும் பச்சை ஆகுற மாசமும் வேற வேற. யானை, காட்டுமாடெல்லாம் இந்த வித்தியாசத்தை வச்சுதான் வருஷம் பூரா இடம் மாறி மாறி போகுது. புள்ளிமான் அவ்ளோ தூரம் போகாது, அதோட நடமாட்டம் சில சதுர கிலோமீட்டருக்குள்ளயே முடிஞ்சுரும், ஆனா அந்தச் சின்ன வட்டத்துக்குள்ளயே எங்க ஈரம் இருக்கு, எங்க தளிர் வந்திருக்குன்னு நாளுக்கு நாள் இடத்தை மாத்திக்கும்.

இங்க முக்கியமான இடம் வயல். நெல்லு வயல் இல்லைங்க, முதுமலை வயநாடு பக்கம் காட்டுக்குள்ள தாழ்வா சதுப்பா இருக்கிற புல்வெளியை வயல்னுதான் சொல்லுவாங்க, கர்நாடகா பக்கம் ஹட்லு. சுத்தி இருக்கிற மேட்டுக்காடு பிப்ரவரியில காஞ்சு சருகாயிட்டாலும் வயல்ல அடிமண்ணு ஈரமா இருக்கிறதால குட்டைப்புல்லு ஓரளவு பச்சையா இருந்துட்டே இருக்கும். காலையில ஆறு மணி வாக்குல ஒரு வயல் ஓரமா நின்னு பாத்தா மான், காட்டுமாடு, காட்டுப்பன்னி எல்லாம் ஒரே இடத்துல மேயும். கோடையை மான் தாண்டுதுன்னா அதுல பெரிய பங்கு இந்த வயலுக்கும் மாயாறு மாதிரி ஆத்தோரக் காட்டுக்கும்தான். இந்த மாதிரி வயலுங்க எத்தனையோ விவசாயமாவும் எஸ்டேட்டாவும் மாறிப் போச்சு, மிச்சம் இருக்கறதுல களை ஏறுது. தண்ணித்தொட்டி கட்டறதுக்கு இருக்கிற ஆர்வம் ஒரு வயலைச் சுத்தமா வச்சுக்கறதுல இருந்தா நல்லா இருக்கும்னு எனக்கு ரொம்ப நாளா ஆதங்கம்.

இப்போ பசி விஷயத்துக்கு வருவோம். நிறைய பேர் காட்டுல தண்ணி இல்லாமதான் மான் சாகுதுன்னு நினைக்கிறாங்க. தண்ணி முக்கியம்தான், ஆனா ஆளை மெல்ல மெல்ல கரைக்கிறது சாப்பாட்டோட தரம். ஏப்ரல்ல கூட காட்டுல புல்லு இருக்கும், இடுப்பளவு கூட இருக்கும், ஆனா அது வைக்கோல். மழை முடிஞ்சு புல்லு பூத்து முத்திருச்சுன்னா அதுல இருக்கிற புரதம் சடசடன்னு இறங்கிரும், நார் மட்டும் மிஞ்சும். மான் அசைபோடுற பிராணி, மாடு மாதிரியே நாலு அறை வயிறு, அந்த முதல் அறையில கோடிக்கணக்குல நுண்ணுயிரி இருக்கு, அதுதான் நாரை உடைச்சு மானுக்கு சத்தாக்கிக் குடுக்குது. அந்த நுண்ணுயிரிக்கே உயிர் வாழ புரதம் வேணும். தீவனத்துல புரதம் நூத்துக்கு ஏழுக்குக் கீழ போச்சுன்னா நுண்ணுயிரி சோர்ந்துரும், செரிமானம் மந்தமாகும், தின்ன புல்லு வயித்துலயே தங்கும், வயிறு நிறைஞ்சிருக்கிறதால மான் மேற்கொண்டு தின்னவும் முடியாது. அதாவது வயிறு ரொம்பி இருக்கும்போதே பட்டினி. விலா தெரியிறதுக்கு முக்கால்வாசி காரணம் இதுதான்.

அதனால புத்திசாலித்தனமா அது என்ன பண்ணுதுன்னா புல்லை விட்டுட்டு மரத்தை நம்ப ஆரம்பிக்குது. மழைக்காலத்துல பெரும்பாலும் புல்லு மேயுற புள்ளிமான் கோடையில இலை, பூ, காய், பழம்னு மாறிரும். ஜனவரி, பிப்ரவரியில இலவமரம் பூக்கும்போது ஒரு இலையும் இல்லாம செவப்பு செவப்பா பூ மட்டும் இருக்கும் பாத்திருப்பீங்க, அந்தப் பூ சதைப்பிடிப்பா ஈரமா இருக்கும், கீழ விழுந்த உடனே மான் பொறுக்கித் தின்னும். புரசு பூ, இலந்தைப் பழம், வேலங்காய், அத்தி, ஆலம்பழம் எல்லாம் இப்படித்தான். ஏப்ரல் மே வாக்குல குமிழ் மரத்துக்கடியில மஞ்சப் பழம் கொட்டும், அங்கயும் கூட்டம் இருக்கும். காஞ்ச சருகோட சேர்த்து இந்த மாதிரி கொஞ்சம் சத்தான ஐட்டம் உள்ள போனாலே வயித்துல இருக்கிற நுண்ணுயிரி உயிர் பிடிச்சுக்கும், நாரும் செரிக்கும்.

நெல்லிக்காய் விஷயம் ஒண்ணு சொல்லணும், எனக்கு ரொம்பப் பிடிச்சது. காட்டு நெல்லி குளிர்காலத்துல இருந்து கோடை தொடங்கற வரைக்கும் காய்க்கும். மான் அதை முழுசா முழுங்கிரும், அப்புறம் எங்கயாவது நிழல்ல படுத்து அசைபோடும்போது அந்தக் கெட்டிக் கொட்டையை மட்டும் வாயில இருந்து துப்பிரும். மான் படுத்து எந்திரிச்ச இடத்துல போய்ப் பாத்தா சுத்தமா சதை போன நெல்லிக்கொட்டை குவியலா கிடக்கும். முதுமலையில தானியங்கி கேமரா வச்சு இதை ஆராய்ச்சியா பண்ணியே காட்டியிருக்காங்க, நெல்லி விதையைக் காடு முழுக்கப் பரப்புறதுல புள்ளிமான் மாதிரி அசைபோடுற பிராணிக்குப் பெரிய பங்குன்னு. இதனால காட்டுல நெல்லியை மிச்சம் வைக்காம கிளையோட வெட்டி எடுத்தா மானுக்குக் கோடை சாப்பாடும் போகுது, அடுத்த தலைமுறை நெல்லி மரமும் போகுது.

மரத்து மேல மந்தி இருந்தா மானுக்கு யோகம். அந்தச் சாம்பல் மந்தி பாதி தின்னு பாதி போடும், கிளையை உடைச்சுப் போடும், தளிர் இலை, பூ, காய் எல்லாம் எட்டாத உயரத்துல இருந்து கீழ வரும். பதிலுக்கு மானோட மூக்கும் காதும், மந்தியோட கண்ணும் சேர்ந்து ரெண்டுக்கும் காவலாகிருது. புலி, சிறுத்தை வாடை பட்டா மான் கீழ இருந்து கத்தும், மந்தி மேல இருந்து பாத்து இருமுற மாதிரி ஒரு சத்தம் போடும். இந்தக் கூட்டணி வருஷம் பூரா இருந்தாலும் வறண்ட மாசங்கள்ல அதிகமா பாக்கலாம், காரணம் மான் அப்போதான் மரத்தடியை நம்பி இருக்கு.

கடமான், தெற்க திருநெல்வேலி கன்னியாகுமரி பக்கம் மிளாம்பாங்க, அதோட கதை வேற. அது முதல்ல இருந்தே இலை, பட்டை, பழம், புல்லுன்னு கலந்து தின்னும், பெரும்பாலும் ராத்திரியில நடமாடும், தனியாவோ குட்டியோடவோ ரெண்டு மூணா இருக்கும், பகல்ல ஓடைப்பக்கம் அடர்ந்த நிழல்ல படுத்துக்கும். அதனால புள்ளிமான் அளவுக்கு புல்லு காயறது அதைப் பாதிக்காது, ஆனா தண்ணியும் நிழலும் இல்லாம அதால முடியாது. செந்நாய் துரத்தினா நேரா போய் தண்ணிக்குள்ள இறங்கி நின்னுக்கும், நல்ல ஆழம்னா செந்நாய்க்கு கிட்ட வர்றது கஷ்டம், முட்டளவு தண்ணி மட்டும் இருக்கிற ஏப்ரல்ல அந்த வித்தை அவ்வளவா செல்லாது.

தண்ணி விஷயத்துலயும் நேரம் கணக்கு இருக்கு. புள்ளிமான் தினமும் தண்ணி குடிச்சாகணும், வெயில் ஏறினா ஒரு தடவைக்கு மேலயும் வரும். தண்ணி இருக்கிற இடம் குறைய குறைய எல்லாம் ஒரே இடத்துக்கு வரும், அது புலிக்கும் சிறுத்தைக்கும் செந்நாய்க்கும் தெரியும். செந்நாய் குட்டி போடுறதே நவம்பர் டிசம்பர்ல இருந்து கோடைக்குள்ள, அதாவது குட்டிக்கு கறி அதிகமா தேவைப்படுற சமயமும் மான் மெலிஞ்சு கிடக்கிற சமயமும் ஒண்ணா வருது. நம்ம நாங்குநேரிக்காரர் ஏ.ஜே.டி. ஜான்சிங் 1970கள்ல முதுமலையை ஒட்டி கர்நாடகா பக்கம் இருக்கிற பந்திப்பூர்ல செந்நாய் பின்னாடியே அலைஞ்சு ஆராய்ச்சி பண்ணவர், செந்நாய்க்கு முக்கியமான இரையே புள்ளிமான்தான்னு அவர் வேலையில இருந்து தெளிவா தெரிஞ்சது. மான் இதுக்கு என்ன பண்ணும்னா கூட்டமா தண்ணிக்கு வரும், ஒரே நேரத்துல எல்லாம் தலையைக் குனியாது, வெட்டவெளியான கரையை விரும்பும், ராத்திரி படுக்க மனுஷன் இருக்கிற இடத்துக்குப் பக்கத்துல வந்துரும். மசினகுடி, தெப்பக்காடு குவார்ட்டர்ஸ் பக்கம் ராத்திரி லைட்டடிச்சா வீட்டு முன்னாடியே மான் படுத்திருக்கறது அன்புல இல்ல, புலி அங்க வரத் தயங்கும்ங்கற தைரியத்துல.

தீ பிடிச்சு கருகின இடத்தைப் பாத்ததாவும் சொல்லியிருந்தீங்க. நம்ம பக்கம் இலையுதிர் காட்டுல பிப்ரவரி மார்ச்ல வர்ற தீ கிட்டத்தட்ட எல்லாமே மனுஷன் வச்சதுதான், தெரிஞ்சோ தெரியாமலோ. 2019 பிப்ரவரியில பந்திப்பூர்ல எரிஞ்சது எல்லாருக்கும் ஞாபகம் இருக்கும். பெரிய மான் தீயைத் தாண்டி ஓடிரும், புல்லுக்குள்ள அசையாம படுத்திருக்கிற குட்டிக்குத்தான் ஆபத்து. எரிஞ்ச இடத்துல ஒரு கோடை மழை, ஏப்ரல்ல ரெண்டு பாட்டம் பெஞ்சா போதும், பத்து நாள்ல கருப்புத் தரையில இருந்து பச்சைத் தளிர் கிளம்பும், அது புரதம் நிறைஞ்ச தளிர், சுத்து வட்டாரத்துல இருக்கிற மானெல்லாம் அங்க வந்து நிக்கும். இதைப் பாத்துட்டு தீ நல்லதுன்னு சொல்றவங்க இருக்காங்க, நான் ஒத்துக்க மாட்டேன். எப்பவோ ஒரு தடவை சின்னதா எரியறது வேற, வருஷா வருஷம் அதே இடம் எரியறது வேற, பின்னாடி சொன்னதுல மரக்கன்னு எழும்பவே எழும்பாது, அந்தக் காலி இடத்துல உண்ணிச்செடி வந்து உக்காந்துக்கும்.

இந்த உண்ணிச்செடிதான் உண்மையான வில்லன்னு நான் சொல்வேன். மழை பெஞ்சாலும் அதுக்கடியில புல்லு வராது, மானும் அதைத் தின்னாது. இப்போ அதோட மஞ்சக்கொன்னை வேற, தென் அமெரிக்கா பக்கத்து மரம், அழகுக்கும் நிழலுக்கும்னு கொண்டு வந்தது முதுமலை, சத்தியமங்கலம், வயநாடுன்னு பரவிருச்சு, பூத்தா ரோடே மஞ்சளா இருக்கும், டூரிஸ்ட் நின்னு போட்டோ எடுக்கறாங்க, அதுக்குக் கீழ ஒரு புல்லும் இருக்காது. தமிழ்நாடு அரசு இப்போ அதை வெட்டி காகித ஆலைக்கு அனுப்புற வேலை பண்ணிட்டு இருக்கு, வரவேற்கிறேன், வெட்டின இடத்துல திரும்ப முளைக்காம பாத்துக்கணும், உள்ளூர் புல்லு வரணும். மானுக்கு நாம சாப்பாடு போடணும்னா இதுதான் சாப்பாடு போடுறது.

இனி உடம்புக்குள்ள நடக்கறதுக்கு வர்றேன். மழை முடிஞ்சு டிசம்பர் வாக்குல மான் நல்லா கொழுத்திருக்கும். தோலுக்கடியில, அப்புறம் கிட்னியைச் சுத்தி, கடைசியா எலும்பு மஜ்ஜையில கொழுப்பு இருக்கும், செலவாகுற வரிசையும் அதேதான். காட்டுல செத்த மானைப் பாக்கிற டாக்டருங்க தொடை எலும்பை உடைச்சுப் பாப்பாங்க, மஜ்ஜை வெள்ளையா கெட்டியா இருந்தா அது பட்டினியில சாகல, வேற காரணம் தேடணும், செவப்பா தண்ணி ஜெல்லி மாதிரி இருந்தா கையிருப்பெல்லாம் தீந்து போய்தான் செத்திருக்குன்னு அர்த்தம். உயிரோட இருக்கிற மானைப் பத்தித் தெரிஞ்சுக்க அதோட புழுக்கையே போதும். மழைக்காலத்துல பச்சைப்புல்லு தின்னும்போது புழுக்கை ஒண்ணோட ஒண்ணு ஒட்டிக் கட்டியா விழும், கோடையில சின்னதா கெட்டியா தனித்தனி உருண்டையா உதிரும். ரோட்டுல நின்னு விலா எலும்பை மட்டும் பாத்து பயப்பட வேணாம், மார்ச் ஏப்ரல்ல விலா லேசா தெரியறது சாதாரணம். இடுப்பெலும்பு ரெண்டு பக்கமும் துருத்தி, முதுகெலும்பு வரிசையா முடிச்சு முடிச்சா தெரிஞ்சு, ரோமம் சிலுத்து நின்னாதான் நிலைமை மோசம்.

கொம்பு விஷயம். மானோட கொம்பு ஆடு மாட்டுக் கொம்பு கிடையாது, வருஷா வருஷம் விழுந்து புதுசா முளைக்கிற எலும்பு. வளரும்போது மேல வெல்வெட் மாதிரி தோலு, உள்ள ரத்த ஓட்டம், தொட்டா சூடா இருக்கும், முத்தினப்புறம் அந்தத் தோலை மரத்துல தேய்ச்சு உரிச்சுரும். இவ்ளோ சுண்ணாம்பும் பாஸ்பரசும் சில மாசத்துல எங்க இருந்து வரும்? தின்கிறது பத்தாம தன்னோட விலா எலும்புல இருந்தே கடன் வாங்கும், அப்புறம் திரும்ப நிரப்பிக்கும். காட்டுல மான் எலும்பையோ விழுந்த கொம்பையோ வாயில வச்சு கடிச்சுட்டு இருக்கறதைப் பாத்து மிரண்டு போய் எழுதியிருந்தார் ஒருத்தர், அது இதுக்குத்தான், உப்புமண்ணு நக்குறதும் இதே தேவைக்குத்தான். அதனால காட்டுல கிடக்கிற கொம்பை நினைவுப் பொருள்னு எடுத்துட்டு வராதீங்க, சட்டப்படியும் குத்தம், மானுக்கும் அது சத்து மாத்திரை.

குளிர் நாட்டு மானுக்கும் நம்ம மானுக்கும் இங்கதான் பெரிய வித்தியாசம். ஸ்காட்லாந்து, கனடா பக்கமெல்லாம் குளிர்காலத்துல பகல் ரொம்பச் சுருங்கிரும், கோடையில ரொம்ப நீளும், அந்த வெளிச்சக் கணக்கை வச்சு எல்லா ஆண் மானும் ஒரே சமயத்துல கொம்பு முத்தி, ஒரே சமயத்துல சேர்ந்து, எல்லாக் குட்டியும் மே ஜூன் வாக்குல ரெண்டு மூணு வாரத்துக்குள்ள பொறந்துரும். தேதி தப்பினா குட்டி பனியில செத்துரும். ஐரோப்பாவுல ரோ மான்னு ஒரு சின்ன மான், ஜூலை ஆகஸ்ட்ல இணை சேரும், ஆனா கருவை வளர விடாம ஜனவரி வரைக்கும் அப்படியே நிறுத்தி வச்சிருக்கும், குட்டி மே மாசம் பொறக்கணும்ங்கறதுக்காக. முதுமலை இருக்கிறது 11 டிகிரி சொச்சம் வடக்க, நீளமான பகலுக்கும் சின்ன பகலுக்கும் சுமார் ஒண்ணேகால் மணி நேரம்தான் வித்தியாசம். அதனால ஒரே கூட்டத்துல கொம்பு முத்தின ஆண், வெல்வெட்டோட ஒண்ணு, கொம்பு விழுந்து மொட்டையா ஒண்ணுன்னு மூணையும் ஒரே நாள்ல பாக்கலாம். குட்டியும் ஏதோ ஒரு சீசன்ல அதிகமா இருந்தாலும் எல்லா மாசமும் பொறக்குது. சினை ஏழரை எட்டு மாசம், பெரும்பாலும் ஒரே குட்டி. ஒரு வருஷம் மழை தப்பினாலும் எல்லாக் குட்டியும் ஒரே அடியா போகாதுங்கறது இதுல இருக்கிற லாபம். கடமான் ஓரளவு சீசன் பாக்கும், பெரும்பாலும் குளிர்காலத்துல சேர்ந்து மழை தொடங்கறப்போ குட்டி போடும்.

சரி, சாப்பாடு போடலாமாங்கறதுக்கு வருவோம். போடக்கூடாது. காரணம் ரெண்டு மூணு இருக்கு, அதுல முதல் காரணம் கிராமத்துல மாடு வச்சிருக்கிற யாருக்கும் தெரிஞ்சது. விசேஷ வீட்டு மிச்ச சோத்தையோ பொங்கலையோ மாட்டுக்கு அண்டா நிறைய வச்சுட்டா மறுநாள் வயிறு உப்பி, பேதியாகி, படுத்துரும், டாக்டர் வர்றதுக்குள்ள போன மாடும் உண்டு, பொங்கலுக்கு பொங்கல் கால்நடை டாக்டருங்க இதைச் சொல்லிட்டேதான் இருக்காங்க. நாரைச் செரிக்கிற நுண்ணுயிரி மட்டும் இருக்கிற வயித்துல திடீர்னு மாவும் சர்க்கரையும் கொட்டினா வேற கிருமி பெருகி அமிலத்தைக் கக்கும், உடம்புத் தண்ணியெல்லாம் வயித்துக்கு இழுத்துக்கும், அமிலம் ரத்தத்துல ஏறும். மானுக்கும் அதே வயிறுதான். நுண்ணுயிரி புது சாப்பாட்டுக்கு மாற ரெண்டு மூணு வாரம் ஆகும், அதுவும் மெல்ல மெல்ல மாத்தினாதான். வட அமெரிக்காவுல பனிக்காலத்துல பாவம்னு மக்காச்சோளம் கொட்டி, வயிறு நிறைய சோளத்தோட மான் செத்துக் கிடக்கற சம்பவம் திரும்பத் திரும்ப நடக்குது, அங்க இருக்கிற வனவிலங்குத் துறைங்க சோளம் போடாதீங்கன்னு வருஷா வருஷம் எச்சரிக்குது. ஒரு பிஸ்கட்ல சாகாது, உண்மைதான், ஆனா உங்க பின்னாடி வர்ற அம்பது காரும் அதே ஒரு பிஸ்கட்டைத்தான் குடுக்கும்.

அடுத்தது, குடுத்துப் பழக்கினா மான் ரோட்டோரத்துலயே நிக்கும். வண்டியில அடிபடும், கவரோட சேர்த்துத் தின்னும். சென்னையில கிண்டிக் காட்டை ஒட்டின வளாகங்கள்லயும், இலங்கையில திருகோணமலை கோட்டைப் பக்கம் திரியிற புள்ளிமான்கள்லயும் செத்த மானை அறுத்துப் பாத்தா வயித்துல பிளாஸ்டிக் பந்து பந்தா இருக்குன்னு செய்தி வந்துட்டே இருக்கு. பிளாஸ்டிக் செரிக்காது, வெளியவும் போகாது, முதல் அறையிலயே தங்கி இடத்தை அடைச்சுக்கும், மான் பட்டினியில சாகும். உப்பு ருசி ஒட்டின சிப்ஸ் கவர்னா தேடி வந்து தின்னும், காட்டுல அதுக்குக் கிடைக்காத உப்பு அதுல இருக்கே.

தண்ணி வைக்கறதுல ஒரேயடியா கூடாதுன்னு நான் சொல்லல. ஆத்தையும் ஓடையையும் நாம அடைச்சுட்டோம், போர் போட்டு நிலத்தடித் தண்ணியை இறக்கிட்டோம்னா அந்த இடத்துல வனத்துறை தொட்டி வைக்கறது நியாயம், அதுலயும் கடும் வறட்சியில. ஆனா தொட்டி தொட்டியா எல்லா இடத்துலயும் வருஷம் பூரா தண்ணி இருந்தா, மான் நகர வேண்டிய தேவையே இருக்காது, தொட்டியைச் சுத்தி இருக்கிற புல்லு வேரோட போயிரும், ஓய்வு எடுக்க வேண்டிய மேய்ச்சல் நிலம் ஓய்வே எடுக்காது, வேட்டை மிருகத்துக்கும் நிரந்தர இடமாகிரும். கடைசியில தண்ணி இருக்கும், தின்ன ஒண்ணும் இருக்காது.

வறண்ட சீசனையே இல்லாம பண்ணினா என்ன ஆகும்ங்கறதுக்கு மணிப்பூர்ல ஒரு நிஜ உதாரணம் இருக்கு. லோக்தாக் ஏரியில பும்டின்னு மிதக்குற தாவரத் திட்டு இருக்கு, அது மேலதான் சங்காய் மான் வாழுது, உலகத்துலயே காட்டுல இந்த மான் இருக்கறது அங்க கெய்புல் லாம்ஜாவோ தேசியப் பூங்காவுல மட்டும்தான். 1975ல எண்ணினப்போ வெறும் 14. முன்னல்லாம் கோடையில ஏரித் தண்ணி இறங்கும், பும்டி போய் தரையில உக்காரும், அதுல இருக்கிற செடி வேரு சேத்துல இருந்து சத்து எடுத்துக்கும், மழை வந்து தண்ணி ஏறினா திரும்ப மிதக்கும். 1983ல நீர்மின் திட்டத்துக்காக இத்தாய் தடுப்பணை வந்துச்சு, அப்புறம் வருஷம் பூரா தண்ணி உசரம்தான், பும்டிக்குத் தரையில உக்கார வாய்ப்பு குறைஞ்சு போச்சு, மெலிஞ்சுட்டே வருது, மான் ஏறினா தாங்காத அளவுக்கு சில இடத்துல மெலிஞ்சிருச்சு. பாதுகாப்பு நல்லா இருந்ததால 2016 கணக்குல 260 வரைக்கும் மான் கூடிச்சு, ஆனா அது நிக்கிற தரை கரைஞ்சுட்டு இருக்கு. தண்ணி நிறைய இருக்கறதே அங்க பிரச்சனை. இதைச் சொல்றது ஏன்னா, காட்டுல காஞ்ச மாசங்களுக்கும் ஒரு வேலை இருக்கு, நமக்குப் பாக்க கஷ்டமா இருக்குங்கறதுக்காக அதை அழிக்க நினைக்கக் கூடாது.

நம்மால உண்மையிலேயே முடிஞ்சது வேற நிறைய இருக்கு. பந்திப்பூர் வழியா 2009ல இருந்து ராத்திரி ஒன்பது மணியில இருந்து காலை ஆறு வரைக்கும் வண்டி போக்குவரத்துக்குத் தடை இருக்கு, அதை எடுக்கணும்னு யாராவது கிளம்பும்போது எதிர்த்துப் பேசுங்க. சீகூர்ல யானை வழித்தடத்துல கட்டின ரிசார்ட் வழக்குல 2020 அக்டோபர்ல சுப்ரீம் கோர்ட் வழித்தடத்துக்கு ஆதரவா தீர்ப்பு குடுத்துச்சு, அது யானைக்குன்னு பேரு, ஆனா அதே வழியிலதான் மானும் மாயாத்துக்கு இறங்குது, வேலி வந்தா மானுக்கும் அடைப்புதான். தங்கப் போறீங்கன்னா வழித்தடத்தை அடைச்சு நிக்கிற இடத்துல ரூம் போடாதீங்க. காட்டு ரோட்ல முப்பதுக்கு மேல ஓட்டாதீங்க, ஒரு மான் ரோட்டைக் கடந்துச்சுன்னா பின்னாடி இன்னும் வரும்னு நினைச்சு நில்லுங்க.

கடைசியா ஊர்ப்பக்கம் இருக்கிறவங்களுக்கு. திருவண்ணாமலை, வேலூர், பெரம்பலூர் பக்கமெல்லாம் கோடை வந்தா தண்ணி தேடி ஊருக்குள்ள வந்த மானை நாய் கடிச்சு செத்துச்சுன்னு செய்தி வராத வருஷம் கிடையாது. அப்படி ஒரு மான் வந்தா முதல்ல நாயைக் கட்டுங்க, கூட்டத்தைக் கலைங்க, துரத்திப் பிடிக்கப் பாக்காதீங்க. துரத்தின மான் கடிபடாமலேயே சாகும், பயத்துலயும் ஓட்டத்துலயும் உடம்பு சூடேறி தசை சிதைஞ்சு, பிடிச்சு ஒரு நாள் ரெண்டு நாள் கழிச்சுக்கூட விழுந்துரும், வெளியில ஒரு காயமும் இருக்காது. வாயைத் திறந்து தண்ணி ஊத்தாதீங்க, நுரையீரலுக்குப் போயிரும். காடு எந்தப் பக்கமோ அந்தப் பக்கம் வழி விட்டுட்டு தள்ளி நில்லுங்க, பாதி நேரம் அதுவே போயிரும். புதர்ல குட்டி தனியா படுத்திருந்தா அனாதைன்னு தூக்கிட்டு வராதீங்க, பொறந்த புதுசுல தாய் அப்படித்தான் ஒளிச்சு வச்சுட்டு மேயப் போகும், பால் குடுக்க மட்டும் வந்து போகும், நீங்க பக்கத்துல நிக்கிற வரைக்கும் அது வராது. எந்திரிக்க முடியாம கிடந்தா, கழுத்துலயோ கால்லயோ கம்பியோ வலையோ மாட்டியிருந்தா, வாயில நுரை தள்ளினா, இல்ல குட்டி பக்கத்துலயே தாய் செத்துக் கிடந்தா, அப்போ உடனே வனத்துறைக்கு போன் போட்டு இடத்தையும் மான் எந்த நிலையில இருக்குங்கறதையும் சரியா சொல்லுங்க, அவங்க கால்நடை டாக்டரோட வர்ற வரைக்கும் யாரையும் கிட்ட விடாதீங்க.